தெருவும் நிலையமும்: பெருநகர அன்றாடத்தைப் பதிவுசெய்த குறும்படங்களில் கேமரா நின்ற இடம்

1. எல்லை

பெருநகரத்தின் அன்றாடத்தைக் காட்டும் ஆவணப்படங்கள் கணக்கற்றவை. அவற்றில் ஒரு சிறு கிளையை மட்டும் இக்கட்டுரை எடுத்துக்கொள்கிறது. முக்கால் மணி நேரத்துக்கு மேல் ஓடாதவை. யாரையும் உட்கார வைத்துப் பேட்டி காணாதவை. பின்னணிக்குரல் இல்லாதவை, அல்லது அதைச் சிக்கனமாக வைத்துக்கொண்டவை. நடப்பதை நடந்தபடி எடுத்தவை. கவனிப்புக் குறும்படம் என்று இவற்றை அழைக்கலாம்.

இந்த வரையறையால் சில பெரிய பெயர்கள் விலகிப்போகின்றன. வால்டர் ருட்மானின் பெர்லின் படமும் (1927), சீகா வெர்தோவின் 'திரைப்படக் கேமராவுடன் ஒரு மனிதன்' படமும் (1929) முழுநீளப் படங்கள். அவற்றைப் பற்றி எழுதிக் குவித்தும் ஆயிற்று. ஆர்னே சுக்ஸ்டார்ஃப் ஸ்டாக்ஹோமைப் பற்றி 1947இல் எடுத்த 'மனிதர்கள் நகரத்தில்' குறும்படம் ஆஸ்கர் பெற்ற முதல் ஸ்வீடன் நாட்டுப் படம். பார்க்க அழகானது. ஆனால் அதில் நடிக்க வைத்து எடுத்த கட்டங்கள் உண்டு என்பதால் அதையும் ஒதுக்குகிறேன்.

எனக்கு இங்கே ஒரே கேள்விதான். படம் எடுத்தவர் எங்கே நின்றார்? பார்க்கப்பட்டவர் அவரைத் திரும்பிப் பார்த்தபோது என்ன செய்தார்? இவ்வகைப் படங்களின் தராதரத்தை நிர்ணயிப்பதில் ஒளியமைப்பையும் நகரத்தின் பிரமாண்டத்தையும்விட இந்தக் கேள்விக்கான விடைக்கே பங்கு அதிகம் என்பது என் துணிபு.

2. நின்ற இடம்

தெருவில் ஒருவரைப் படமெடுப்பதற்கு இரண்டு வழிகள்தான் உண்டு. அவருக்குத் தெரிந்து எடுக்கலாம், தெரியாமல் எடுக்கலாம். 1930 ஜூன் 14 அன்று பாரிஸின் வியூ கொலம்பியே அரங்கில் தன் முதல் படமான 'நீஸ் நகரைப் பற்றி'யைத் திரையிட்டுப் பேசிய ஜான் விகோ இரண்டாவது வழியை வெளிப்படையாக ஆதரித்தார். உணர்ந்து நடிப்பதற்கு இடம் தரக்கூடாது, ஆள் அறியாத நேரத்தில் அவரைப் பிடிக்க வேண்டும் என்பது அவருடைய வாதம். அப்போது அவருக்கு வயது 25. ஒளிப்பதிவு செய்த போரிஸ் காஃப்மன் வெர்தோவின் தம்பி. பின்னாளில் அமெரிக்கா போய் 'ஆன் தி வாட்டர்ஃபிரன்ட்' படத்துக்கு ஆஸ்கர் வாங்கியவர். நீஸின் கடற்கரைச் சாலையில் காற்று வாங்க வந்த பணக்காரர்களை எடுப்பதற்காகக் காஃப்மன் ஒரு சக்கர நாற்காலியில் உட்கார்ந்துகொண்டார். அதை விகோ தள்ளிக்கொண்டு போனார். நோயாளி ஒருவரைத் தள்ளிக்கொண்டு போவதை அந்தச் சாலையில் யாரும் உற்றுப் பார்க்க மாட்டார்கள்.

இந்தத் தந்திரத்தில் நமக்கு உறுத்தல் எதுவும் தோன்றுவதில்லை. ஏனென்றால் கேமரா கீழிருந்து மேலே பார்க்கிறது. கேலிக்கு உள்ளாகிறவர்கள் வசதியானவர்கள். அதே தந்திரத்தை ஏழைத் தெருவில் கையாண்டால் கணக்கு மாறுகிறது. அந்த மாறிய கணக்கை ஆராய 'இன் தி ஸ்ட்ரீட்' படத்தைவிடப் பொருத்தமான சான்று கிடையாது.

ஹெலன் லெவிட் (1913–2009) நியூயார்க்கின் புரூக்ளினில் பிறந்தவர். 1930களின் பிற்பகுதியில் கிழக்கு ஹார்லெம் பிள்ளைகளுக்கு ஓவியம் கற்பிக்கப் போன இடத்தில், அவர்கள் நடைபாதையிலும் சுவரிலும் சாக்கட்டியால் வரைந்தவற்றைக் கண்டு படமெடுக்கத் தொடங்கினார். அவருடைய லைகா கேமராவில் ஒரு கோணப் பார்வைக்கருவி பொருத்தியிருப்பார். கண்ணை வைக்கும் துளை பக்கவாட்டில் இருக்கும். உள்ளே இருக்கும் கண்ணாடி ஒளியைச் செங்கோணத்தில் திருப்பிவிடும். அவர் தெருவின் கோடியைப் பார்த்து நிற்பதுபோலத் தெரியும். லென்ஸோ அவருடைய பக்கத்தில் வாசற்படியில் உட்கார்ந்திருக்கும் பெண்மணியைப் பார்த்துக்கொண்டிருக்கும். படிக்கட்டில் இருப்பவர்களுக்கு, யாரோ ஒருத்தி வேறெதையோ எடுக்கிறாள் என்றுதான் தோன்றும்.

அவருடைய நண்பரும் வழிகாட்டியுமான வாக்கர் எவன்ஸ் இதே காலத்தில் இன்னும் ஒரு படி மேலே போயிருந்தார். 1938 முதல் 1941 வரை நியூயார்க் சுரங்க ரயிலில், மேலங்கியின் பொத்தான்களுக்கு நடுவே லென்ஸ் மட்டும் எட்டிப்பார்க்கும்படி கேமராவை மறைத்துக்கொண்டு எதிர் இருக்கைக்காரர்களை எடுத்தார். சில பயணங்களில் லெவிட்டும் கூட இருந்தார். அந்தப் படங்களை எவன்ஸ் நூலாக வெளியிட்டது 1966இல்தான். கால் நூற்றாண்டு அவற்றைப் பெட்டியில் வைத்திருந்திருக்கிறார். அந்நூலுக்கு முன்னுரை எழுதிவைத்திருந்தவர் ஜேம்ஸ் ஏஜீ. இவரே லெவிட்டுடனும், ஓவியர் ஜேனிஸ் லோபுடனும் சேர்ந்து 1940களின் நடுவில் 16 மி.மீ. கேமராவை எடுத்துக்கொண்டு கிழக்கு ஹார்லெம் தெருக்களுக்குப் போன மூன்றாமவர். மறைந்து பார்க்கும் கலை இந்தச் சிறு நட்பு வட்டத்துக்குள் கைமாறிக்கொண்டே இருந்தது.

அப்படி 1948இல் உருவான 'இன் தி ஸ்ட்ரீட்' சுமார் கால் மணி நேரம் ஓடும். கதை கிடையாது. ஏழைகளின் தெருவைப் பற்றி ஏஜீ எழுதிய சில வரிகள் தொடக்கத்தில் எழுத்தாக வரும். அதன்பின் ஒரு சொல்லும் இல்லை. கிழவிகள் நடக்கிறார்கள். ஒரு குழந்தை ஜன்னல் கண்ணாடியில் மூக்கை நசுங்க அழுத்திக்கொண்டு வெளியே பார்க்கிறது. ஹாலோவீன் வேடத்தில் பிள்ளைகள் வருகிறார்கள். நீளமான காலுறைக்குள் மாவை நிரப்பி, நுனியைப் பிடித்துச் சுழற்றி ஒருவர் முதுகில் ஒருவர் அடிக்கிறார்கள். அடி விழுந்த இடத்தில் கறுப்புக் கோட்டில் வெள்ளைத் திட்டு படிகிறது. விளையாட்டு எங்கே முடிந்து சண்டை எங்கே தொடங்கியது என்று சொல்ல முடியவில்லை. ஓங்கிய கை இறங்கும்வரை எந்த முகத்திலும் சிரிப்பு இல்லை. அடி விழுந்த பிறகு சிலவற்றில் வருகிறது. பலமுறை ஓட்டிப் பார்த்தாலும் இந்தக் கட்டம் சலிப்பதில்லை.

இதெல்லாம் அவர்களுக்குத் தெரியாமல் எடுத்தது. அப்படியானால் இது ஏழைகளை ஒளிந்திருந்து பார்த்த படம்தானே என்று கேட்டால், ஆம் என்றுதான் சொல்ல வேண்டும். அந்தக் குற்றச்சாட்டுக்குப் படமே தரும் பதில் அதன் பிற்பகுதியில் இருக்கிறது.

3. திரும்பிப் பார்க்கும் முகம்

பிள்ளைகள் கேமராவைக் கண்டுபிடித்துவிடுகிறார்கள். கண்டுபிடித்ததும் கூட்டமாக லென்ஸுக்கு முன்னால் வந்து நாக்கை நீட்டுகிறார்கள், கண்ணை உருட்டுகிறார்கள், ஒருவரை ஒருவர் தள்ளிவிட்டு முன்னால் வருகிறார்கள். ஒளிந்திருந்த ரகசியம் கெட்டுப்போன கணம் இது. விகோவின் கோட்பாட்டின்படி பார்த்தால் இந்தச் சுருளைக் கத்தரித்துக் குப்பையில் போட வேண்டும். லெவிட் அதைப் படத்துக்குள் வைத்துக்கொண்டார்.

இது படத்தொகுப்பு மேசையில் எடுத்த முடிவு என்பதை அழுத்திச் சொல்ல வேண்டும். லெவிட் தொழில்முறைப் படத்தொகுப்பாளராகவும் வேலை பார்த்தவர். 1940களின் தொடக்கத்தில் லூயி புனுவெலிடம் அந்த வேலையைச் செய்தார். எந்த ஷாட் கெட்டது என்று அவருக்குத் தெரியாமல் இருந்திருக்காது. தெரிந்தேதான் வைத்திருக்கிறார். அதனால் அதுவரை பார்வையாளர் அனுபவித்த வசதி பறிபோகிறது. இத்தனை நேரம் யாருக்கும் தெரியாமல் பார்த்துக்கொண்டிருந்த நம்மையும் சேர்த்தே அந்தப் பிள்ளைகள் நையாண்டி செய்கிறார்கள். மறைந்திருந்து எடுத்ததால் ஏற்பட்ட கடனில் ஒரு பகுதியையாவது படம் தன் உடலுக்குள்ளேயே திருப்பிக் கொடுக்கிறது.

முழுவதையும் திருப்பிக் கொடுத்துவிட்டதா? வாசற்படியில் இருந்த பெரியவர்கள் யாருக்கும் அந்த வாய்ப்பு கிடைக்கவில்லை. அவர்கள் கடைசிவரை அறியாமலே இருக்கிறார்கள். 2006இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் இந்தப் படத்தைத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தது. நாட்டின் பண்பாட்டுச் சொத்தாக ஆன பின்பும் அதில் வருபவர்களுக்குப் பெயர் இல்லை.

4. ஒலி

'இன் தி ஸ்ட்ரீட்' மௌனப் படம். பின்னாளில் சேர்த்த பியானோ இசையை அமைத்தவர், நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் மௌனப் படங்களுக்கு வாசித்துவந்த ஆர்தர் கிளைனர். தெருவின் சத்தம் அதில் இல்லை என்பது சிலருக்குக் குறையாகத் தோன்றலாம். தோளில் மாட்டிக்கொண்டு போகக்கூடிய ஒலிப்பதிவுக் கருவி அன்று கிடையாது. வார்சாவில் பிறந்து சுவிட்சர்லாந்தில் குடியேறிய ஸ்டெஃபன் குடெல்ஸ்கி தன் நாக்ரா கருவியின் மூன்றாம் வடிவத்தைக் கொண்டுவந்தது 1958இல். காட்சியும் ஒலியும் ஒன்றாகத் தெருவில் நடமாடியது அதற்குப் பிறகுதான்.

அந்த வசதி வருவதற்குச் சற்று முன், 1957இல், க்ளோட் கொரெட்டா, அலன் டானர் என்ற இரண்டு சுவிஸ் இளைஞர்கள் லண்டனின் பிக்கடில்லி சர்க்கஸில் 'நைஸ் டைம்' எடுத்தார்கள். 17 நிமிடப் படம். 'ஃப்ரீ சினிமா' என்ற பெயரில் லண்டன் தேசியத் திரையரங்கில் நடந்த நிகழ்ச்சிகளில் ஒன்றில் திரையிடப்பட்டது. சனிக்கிழமை இரவுக் கூட்டத்தின் மீது, தனியாகப் பதிவுசெய்த தெருப் பேச்சையும் பாட்டையும் சினிமா வசனத் துணுக்குகளையும் ஒட்டியிருக்கிறார்கள். உதடு ஒன்று அசைய வேறொன்று காதில் விழுகிறது. பற்றாக்குறையிலிருந்து பிறந்த இந்த உத்தி கிண்டலாகவே மாறிவிடுகிறது. சினிமா விளம்பரத்துக்குக் கீழே வரிசையில் நிற்பவர்களின் முகத்துக்கும் அந்தச் சினிமா வாக்களிக்கும் இன்பத்துக்கும் இடையே எத்தனை தூரம் என்பதை வர்ணனையாளர் யாரும் சொல்லத் தேவைப்படவில்லை.

வர்ணனைக்குரல் இல்லாமல் ஆவணப்படமா என்ற கேள்வி நம் ஊரில் எழுவது இயல்பு. 'இன் தி ஸ்ட்ரீட்' வெளிவந்த அதே 1948இல்தான் இந்திய அரசின் ஃபிலிம்ஸ் டிவிஷன் தொடங்கியது. திரையரங்குகள் கட்டாயம் ஓட்ட வேண்டியிருந்த அதன் படங்களை, தமிழ் உட்பட எல்லா மொழிகளிலும் எடுப்பான குரல் ஒன்று விளக்கிக்கொண்டே வரும். அணையைக் காட்டி அணை என்று சொல்லும். அந்தக் குரலோடு வளர்ந்தவர்களுக்கு, எதையும் சொல்லாத படம் முடிக்காமல் விட்ட படமாகத் தோன்றியிருந்தால் வியப்பில்லை. எனக்கோ, அந்தக் குரலை நிறுத்திவிட்டு அதே படங்களைப் பார்த்தால் அவற்றில் பல நல்ல கவனிப்புப் படங்களாகத் தேறும் என்றொரு சந்தேகம் நெடுநாளாக உண்டு.

5. பல நாட்களிலிருந்து ஒரு நாள்

இவ்வகைப் படங்கள் பெரும்பாலும் ஒரு பொழுதைக் காட்டுவதாகப் பாவிக்கின்றன. யோரிஸ் இவென்ஸும் மானஸ் ஃப்ராங்கனும் எடுத்த 'மழை' (1929) ஆம்ஸ்டர்டாமில் பெய்த ஒரு மழையைக் காட்டுகிறது: வானம் இருள்கிறது, கால்வாயில் முதல் துளிகள் விழுகின்றன, குடைகள் விரிகின்றன, டிராமின் கண்ணாடியில் நீர் வழிகிறது, பிறகு வெளிக்கிறது. உண்மையில் அது பல மாதங்களில் பெய்த பல மழைகளின் தொகுப்பு. 'நைஸ் டைம்' ஓர் இரவுபோல ஓடுகிறது. எடுத்தது 25 சனிக்கிழமைகளில். லிண்ட்சே ஆண்டர்சனின் 'எவ்ரி டே எக்ஸப்ட் கிறிஸ்மஸ்' (1957) நள்ளிரவில் தொடங்கி நண்பகலில் முடியும் கோவென்ட் கார்டன் காய்கறிச் சந்தையின் ஒரு வேலைநாளாகவே நமக்குக் கிடைக்கிறது.

இது பொய்யா என்று கேட்பவர்களுக்கு என் விடை: இல்லை. அன்றாடம் என்பதே திரும்பத் திரும்ப நடப்பது. ஒரு குறிப்பிட்ட நாளில் என்ன நடந்தது என்பது செய்தி. எந்த நாளில் போனாலும் என்ன நடக்கும் என்பதைக் காட்டத் துணியும் படம் பல நாட்களை அரைத்து ஒரு நாளாக்கித்தான் தீர வேண்டும். கருவியின் வரம்பும் இதற்குத் துணைபோனது. ஃப்ரீ சினிமாக்காரர்கள் பயன்படுத்திய போலெக்ஸ் கேமராவின் சாவியை ஒருமுறை முறுக்கினால் 22 விநாடிதான் ஓடும். எந்தச் செயலையும் முழுதாக எடுக்க முடியாது. துண்டுகளாகவே கிடைக்கும், துண்டுகளாகவே யோசிக்க வேண்டிவரும். இரவில் விளக்கு வைக்காமல் எடுக்க முடிந்ததற்கு இல்ஃபோர்டு நிறுவனம் கொண்டுவந்த வேகமான ஃபிலிம் காரணம்.

6. வார்சா நிலையம்

மேலே சொன்ன படங்களில் மறைந்து பார்ப்பது அழகியல் சிக்கலாகவும் அறச் சிக்கலாகவும் இருந்தது. போலந்து இயக்குநர் கிறிஸ்டோஃப் கீஸ்லோவ்ஸ்கியின் 'நிலையம்' (1980) படத்தில் அது காவல்துறைச் சிக்கலாக ஆனது.

வார்சா மத்திய ரயில் நிலையம் 1975 டிசம்பரில் திறக்கப்பட்டது. கட்சி மாநாட்டுக்குச் சோவியத் தலைவர் பிரெஷ்னேவ் வரும்முன் முடித்தாக வேண்டும் என்று அவசர அவசரமாகக் கட்டியது. திறந்த பிறகும் பழுதுபார்ப்பு ஓயவில்லை. புதிய போலந்தின் பெருமையாக அறிவிக்கப்பட்ட அந்தக் கட்டடத்துக்குள் கீஸ்லோவ்ஸ்கியும் ஒளிப்பதிவாளர் விதோல்டு ஸ்டோக்கும் இரவு நேரங்களில் கேமராவைப் பாதி மறைத்துவைத்து எடுத்தார்கள். கறுப்பு வெள்ளை, சுமார் 13 நிமிடம். அரசுத் தொலைக்காட்சியின் செய்தி ஓடுகிறது. வண்டி தாமதம் என்ற அறிவிப்பு திரும்பத் திரும்ப வருகிறது. மனிதர்கள் அண்ணாந்து பலகையைப் பார்க்கிறார்கள், பெட்டியை வைத்துவிட்டு நிற்கிறார்கள், மறுபடி அண்ணாந்து பார்க்கிறார்கள். இவற்றுக்கு நடுவே உயரத்தில் பொருத்திய ஒரு கண்காணிப்புக் கேமரா மெல்லத் தலையைத் திருப்பிக்கொண்டே இருக்கிறது. முடிவில், அந்தக் கேமராக்களின் திரைகளுக்கு முன்னால் உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருக்கும் ஒருவரைக் காண்கிறோம்.

ஆக, பார்க்கிறவரைப் படத்துக்குள் கொண்டுவரும் வேலையைக் கீஸ்லோவ்ஸ்கியும் செய்கிறார். ஆனால் ஹார்லெம் பிள்ளைகள் திரும்பிப் பார்த்தார்கள். வார்சா பயணிகள் திரும்பிப் பார்ப்பதில்லை. அவர்களுக்குப் பதிலாக இயக்குநரே கண்காணிப்பவரை நமக்குக் காட்டிக்கொடுக்கிறார். அங்கே விளையாட்டாக இருந்தது இங்கே குற்றச்சாட்டாகிறது.

படத்துக்கு வெளியே நடந்ததுதான் பெரிய பாடம். ஒரு நாள் படப்பிடிப்பு முடிந்து திரும்பியபோது, எடுத்த சுருள்களைக் காவல்துறை கொண்டுபோய்விட்டது. அரசியல் காரணமாக இருக்கும் என்று நினைத்தார்கள். சில நாட்களில் சுருள்கள் திரும்பி வந்தன, எதுவும் வெட்டப்படவில்லை. காரணம் பிறகுதான் தெரிந்தது. ஒரு பெண் தன் தாயைக் கொன்று உடலைப் பெட்டிகளில் அடைத்து, அந்நிலையத்தின் பொருள் காப்பறையில் வைத்துவிட்டுப் போயிருக்கிறாள். அவள் முகம் சுருளில் பதிவாகியிருக்கிறதா என்று பார்க்கத்தான் காவலர்கள் எடுத்துப் போனார்கள். அவள் பதிவாகியிருக்கவில்லை, வேறு வழியில் பின்னர் கைதானாள்.

பதிவாகியிருந்தால்? கேமராவை வலப்பக்கம் திருப்புவதற்குப் பதில் இடப்பக்கம் திருப்பியிருந்தால் தான் காவல்துறையின் உதவியாளனாக ஆகியிருப்பேன் என்ற எண்ணம் தன்னை விடவில்லை என்று கீஸ்லோவ்ஸ்கி பின்னாளில் விவரித்தார். ஆவணப்படத்திலிருந்து அவர் விலகிப்போனதற்கு இது ஒரு காரணம். இதை மிகைப்படுத்தி ஒரே காரணமாகக் கொள்வது திரைப்பட நூல்களில் வழக்கமாகிவிட்டது, அது சரியல்ல. கேமராவை முதன்முதலாக வாங்கிய தொழிலாளி ஒருவன், தான் எடுத்த படங்களால் பிறருக்கு விளையும் கேட்டைக் கண்டு கடைசியில் கேமராவைத் தன் மீதே திருப்பிக்கொள்ளும் 'அமெச்சூர்' கதைப்படத்தை, 'நிலையம்' வெளிவருவதற்கு முந்தைய ஆண்டிலேயே, 1979இல், அவர் எடுத்து முடித்துவிட்டார். ஐயம் ஏற்கெனவே குடிகொண்டிருந்தது. காவலர்கள் அதற்கு ஆதாரம் கொடுத்தார்கள்.

ஒரு கொலைகாரி பிடிபட்டால் நல்லதுதானே என்று யாராவது கேட்கலாம். நியாயமான கேள்வி. கீஸ்லோவ்ஸ்கியின் அச்சம் அந்தப் பெண்ணைக் காப்பாற்றுவது பற்றியதன்று. தான் ஒரு நோக்கத்துக்காக எடுத்த முகம் தன் கையை விட்டுப் போய் வேறொரு நோக்கத்துக்குப் பயன்படும், அதைத் தடுக்கும் அதிகாரம் தனக்கு இல்லை என்பதே அந்த அச்சம். அன்றைய போலந்தில் நாளை அதே காவலர்கள் வேலைநிறுத்தக்காரர் ஒருவரின் முகத்தைத் தேடி வருவதற்குத் தடை எதுவும் இருக்கவில்லை.

7. அனுமதியோடு பார்ப்பது

கீஸ்லோவ்ஸ்கிக்கு வூட்ஜ் திரைப்படப் பள்ளியில் ஆசிரியராக இருந்தவர்களில் ஒருவர் காஸிமியெஷ் கராபாஷ். அவருடைய 'வாத்தியக்காரர்கள்' (1960) பத்து நிமிடப் படம். வார்சாவின் டிராம் தொழிலாளர்கள் வேலை முடிந்து வந்து தங்கள் பித்தளை வாத்தியக் குழுவின் ஒத்திகைக்கு உட்காருகிறார்கள். பட்டறையின் இரைச்சல், பிறகு சுருதி சேராத ஊதல்கள், பிறகு முதிய இசை நடத்துநரின் கோலைப் பார்த்தபடி முகங்கள். கேமரா அதே அறைக்குள் எல்லாருக்கும் தெரியும்படி நிற்கிறது. யாரும் அதைப் பொருட்படுத்தவில்லை, ஏனென்றால் அவர்களுக்கு வேறு வேலை இருக்கிறது. அடுத்த சுரம் தப்பக்கூடாது. ஒருவர் தன் வேலையில் ஆழ்ந்திருக்கும்போது கேமராவை ஒளிக்க வேண்டியதில்லை என்பது கராபாஷின் கண்டுபிடிப்பு. கீஸ்லோவ்ஸ்கி தனக்குப் பிடித்த படங்களில் ஒன்றாக இதைச் சொல்லிவந்தார்.

1988இல் ராட்டர்டாமிலிருந்து ஓர் அழைப்பு வந்தது. உலக நகரங்களைப் பற்றிய 'சிட்டி லைஃப்' தொகுப்புக்கு வார்சாவைக் குறித்து ஒரு குறும்படம் வேண்டும். கதைப்படங்களுக்கு முழுதாகப் போய்விட்டிருந்த கீஸ்லோவ்ஸ்கி அதற்காக 'வாரத்தில் ஏழு நாட்கள்' எடுத்தார், 18 நிமிடம். திங்கள் ஒருவர், செவ்வாய் வேறொருவர் என்று சனி வரை ஒவ்வொரு நாளும் வார்சாவில் ஓர் ஆளைப் பின்தொடர்கிறது. விடியுமுன் எழுவது, வரிசையில் நிற்பது, பேருந்து பிடிப்பது, வேலை. ஞாயிற்றுக்கிழமை அனைவரும் ஒரே சாப்பாட்டு மேசையைச் சுற்றி உட்காருகிறார்கள். ஆறு பேரும் ஒரே வீட்டில் வசிக்கும் ஒரே குடும்பம் என்பது அப்போதுதான் தெரிகிறது.

'நிலையம்' படத்தோடு ஒப்பிட்டால் அமைப்பு தலைகீழாகிவிட்டது. இங்கே கேமரா வீட்டுக்குள் நிற்கிறது, அவர்கள் சம்மதித்துத் திறந்துவிட்ட கதவு வழியாகப் போயிருக்கிறது. யார் எடுக்கிறார்கள், எதற்கு எடுக்கிறார்கள் என்று அந்தக் குடும்பத்துக்குத் தெரியும். மறைப்பு இந்தப் படத்திலும் இருக்கத்தான் செய்கிறது. ஆனால் கடைசி நாள் வரை விஷயம் தெரியாமல் உட்கார்ந்திருப்பவர்கள் அரங்கில் இருக்கும் நாம்தான்.